'ஹி' போய் 'ஷி' வந்த சான்றிதழ்: பொறியியல் படிக்கும் பெண்களுக்கு என்னென்ன இருக்கு?

சென்னை கிண்டி பொறியியல் கல்லூரி 1794-ல் ஒரு சர்வே பள்ளியாகத் தொடங்கியது. அங்கே ஏறக்குறைய 150 ஆண்டுகள் ஆண்கள் மட்டும்தான் படித்தார்கள். அதனால் பட்டச் சான்றிதழை அச்சடிக்கும்போது மாணவரைக் குறிக்க 'ஹி' என்ற ஆங்கிலச் சொல்லை மட்டும் போட்டிருந்தார்கள். 1943-ல் மூன்று பெண்கள் படிப்பை முடித்தபோதுதான் சிக்கல் வந்தது. அச்சாகியிருந்த 'ஹி'யை அடித்துவிட்டு, 'ஷி' என்று எழுதிக் கொடுத்தார்கள்.

அந்த மூவரும் இந்தியாவின் முதல் பெண் பொறியாளர்கள் வரிசையில் வருபவர்கள். ஏ.லலிதா மின் பொறியியல் படித்தவர். பி.கே.திரேசியாவும் லீலம்மா ஜார்ஜும் சிவில். இவர்களில் லலிதாவின் வாழ்க்கையை, பொறியியல் கலந்தாய்வுக்கு மகளை அனுப்பப்போகும் ஒவ்வொரு வீடும் தெரிஞ்சுக்கணும்.

லலிதா 1919-ல் சென்னையில் பிறந்தவர். 15 வயதில் கல்யாணம். 18 வயதில் கைக்குழந்தையோடு கணவரை இழந்தார். அந்தக் காலத்தில் அந்த நிலையில் இருந்த ஒரு பெண்ணுக்கு வீட்டின் பின்கட்டுதான் உலகம். ராணி மேரிக் கல்லூரியில் இன்டர்மீடியட் முடித்தவருக்கு டாக்டர் படிப்பும் ஒரு வாய்ப்பாக இருந்தது. ஆனால் நடுராத்திரியில் குழந்தையை விட்டுவிட்டு ஓட வேண்டிய வேலை வேண்டாம் என்று நினைத்தார். காலையில் போய் சாயங்காலம் வீடு திரும்பும் வேலை என்று யோசித்துத்தான் பொறியியலைத் தேர்ந்தெடுத்தார். பொறியியல் பெண்களுக்கு ஒத்துவராது என்று இன்றைக்கும் சொல்பவர்கள் இருக்கிறார்கள். 1940-ல் ஒரு இளம் தாய் போட்ட கணக்கு நேர்மாறாக இருந்திருக்கிறது!

அவர் அப்பா பப்பு சுப்பாராவ் அதே கல்லூரியில் மின் பொறியியல் பேராசிரியர். அவர் கேட்டார், கல்லூரி முதல்வர் கே.சி.சாக்கோவும், பொதுக் கல்வி இயக்குநராக இருந்த ஆர்.எம்.ஸ்டாதமும் சம்மதித்தார்கள். இடம் கிடைத்தது. குழந்தை உறவினர் வீட்டில் வளர்ந்தது. லலிதா விடுதியில் தங்கிப் படித்தார். நூற்றுக்கணக்கான ஆண்களுக்கு நடுவே ஒரே ஒரு பெண். விடுதித் தனிமை தாங்க முடியவில்லை. பெண்களும் சேரலாம் என்று கல்லூரியை விளம்பரம் செய்ய வைத்தார் அப்பா. அப்படி வந்தவர்கள்தான் மற்ற இருவரும்.

அவருக்கு அமைந்ததை எண்ணிப் பாருங்கள். ஒரு இடம், தங்க ஒரு விடுதி, குழந்தையைப் பார்த்துக்க ஒரு வீடு, பேச்சுத்துணைக்கு இன்னும் இரண்டு பெண்கள். எல்லாமே ஒரு அப்பாவின் செல்வாக்கிலும் இரண்டு அதிகாரிகளின் நல்ல மனசிலும் கிடைத்தவை. பேராசிரியர் வீட்டில் பிறக்காத பெண்ணுக்கு அன்றைக்கு வழியே இல்லை. இன்றைக்கு இவற்றில் பெரும்பாலானவை திட்டமாகவோ சட்டமாகவோ இருக்கின்றன. என்ன, விண்ணப்பிக்கணும், இருக்குன்னு முதல்ல தெரியணும்.

முதலில் பணம். 6-ஆம் வகுப்பு முதல் 12 வரை அரசுப் பள்ளியில் படித்த மாணவிகளுக்குப் புதுமைப் பெண் திட்டத்தில் மாதம் 1,000 ரூபாய், படிப்பு முடியும் வரை நேராக வங்கிக் கணக்குக்கு வரும். 2022 செப்டம்பரில் தொடங்கிய இந்தத் திட்டம் இப்போது அரசு உதவி பெறும் பள்ளிகளில் தமிழ் வழியில் படித்தவர்களுக்கும் உண்டு. கல்லூரியில் சேர்ந்ததும் அங்குள்ள பொறுப்பு அலுவலரைப் பாருங்கள். விண்ணப்பம் அவர் மூலமாகத்தான் போகும். பொறியியல் கலந்தாய்வில் அரசுப் பள்ளி மாணவர்களுக்கு 7.5 சதவீத இட ஒதுக்கீடு தனியாக இருக்கிறது. அதில் இடம் கிடைத்தால் கல்விக் கட்டணம், விடுதிக் கட்டணம் இரண்டையும் அரசே ஏற்கும். வீட்டில் இதுவரை யாரும் பட்டம் வாங்கியதில்லை என்றால் முதல் பட்டதாரி சலுகை.

அகில இந்திய தொழில்நுட்பக் கல்விக் குழுவின் பிரகதி உதவித்தொகை நிறைய பேருக்குத் தெரிவதில்லை. பட்டப்படிப்போ டிப்ளமோவோ முதல் ஆண்டு சேரும் மாணவிக்கும், நேரடியாக இரண்டாம் ஆண்டு சேரும் மாணவிக்கும் ஆண்டுக்கு 50,000 ரூபாய். குடும்ப ஆண்டு வருமானம் 8 லட்சத்துக்குள் இருக்கணும், ஒரு வீட்டில் இரண்டு பெண்கள் வரை வாங்கலாம், கல்லூரி அந்தக் குழுவின் அனுமதி பெற்றதாக இருக்கணும். தேசிய உதவித்தொகை இணையதளத்தில் செல்போனிலேயே விண்ணப்பிக்கலாம். வேறு அரசு உதவித்தொகை வாங்குகிறவர்கள் மட்டும் விதிமுறையைப் படித்துப் பார்த்துவிட்டுப் போடுங்கள்.

இதற்கெல்லாம் வருமானச் சான்று, சாதிச் சான்று, முதல் பட்டதாரி சான்று தேவைப்படும். இ-சேவை மையத்திலும் வாங்கலாம், இணையத்தில் நீங்களே பதிவு செய்தும் வாங்கலாம். பிளஸ் 2 ரிசல்ட் வந்த பிறகு ஓடினால் ஊரே அங்கே வரிசையில் நிற்கும். பரீட்சை முடிஞ்ச வாரத்திலேயே போட்டுடுங்க. கூடவே, 10-ஆம் வகுப்பு மதிப்பெண் பட்டியலில் உள்ள பெயரும் முதலெழுத்தும் ஆதாரிலும் வங்கிக் கணக்கிலும் அப்படியே இருக்கிறதா என்று பாருங்கள். கல்யாணத்துக்குப் பிறகு ஆதாரில் மட்டும் கணவர் பெயருக்கு மாற்றிக்கொண்டு, சான்றிதழ் சரிபார்ப்பின்போது தவிப்பவர்கள் பெரும்பாலும் பெண்கள்தான்.

பிளஸ் 2-க்குக் காத்திருக்காமல் 10-ஆம் வகுப்பு முடித்ததும் பாலிடெக்னிக் போகலாம். சென்னை தரமணியில் டாக்டர் தர்மாம்பாள் அரசு மகளிர் பாலிடெக்னிக் கல்லூரி இருக்கிறது. டிப்ளமோ முடித்தால் பி.இ. இரண்டாம் ஆண்டில் நேரடியாகச் சேரலாம்.

ஆனால் சீட் வாங்குவதோடு முடியும் கதை இல்லை இது. படித்துவிட்டு, வேலைக்கும் போய்விட்டு, குழந்தை பிறந்ததும் நின்றுவிடும் பெண்கள் நம்ம தெருவிலேயே இருக்கிறார்கள். திறமைக் குறைவு இல்லை. குழந்தையை யார்கிட்ட விடுவது என்ற கேள்விதான்.

லலிதாவுக்கும் அதே கேள்வி இருந்தது. ஜமால்பூர் ரயில்வே பணிமனையில் ஓராண்டுப் பயிற்சி முடித்தவர், சிம்லாவில் மத்திய தர நிர்ணய அமைப்பில் வேலைக்குச் சேர்ந்தார். அங்கே சகோதரர் குடும்பம் இருந்ததும் ஒரு காரணம். 1948-ல் கல்கத்தாவில் அசோசியேட்டட் எலக்ட்ரிக்கல் இண்டஸ்ட்ரீஸ் நிறுவனத்துக்குப் போனதும் உறவினர் துணையை நம்பித்தான். அங்கேதான் மின்கடத்துப் பாதைகளை வடிவமைத்தார்; பக்ரா நங்கல் அணைத் திட்டத்துக்கான ஜெனரேட்டர் வேலையிலும் பங்கெடுத்தார். 1964-ல் நியூயார்க்கில் பெண் பொறியாளர்கள், விஞ்ஞானிகளுக்கான முதல் சர்வதேச மாநாடு நடந்தபோது அவருக்கு அழைப்பு வந்தது. 1977-ல் ஓய்வு பெறும்வரை வேலையை விடவில்லை. உறவுக்காரர் வீடு பக்கத்தில் இல்லாமல் போயிருந்தால் இதில் எவ்வளவு நடந்திருக்கும்?

அந்த உறவுக்காரர் வீட்டின் இடத்தில் இன்று சட்டம் நிற்க முயற்சி செய்கிறது. மத்தியச் சட்டப்படி, பிரசவத்துக்கு முந்தைய 12 மாதத்தில் குறைந்தது 80 நாள் அந்த நிறுவனத்தில் வேலை பார்த்திருந்தால், முதல் இரண்டு குழந்தைகளுக்கு 26 வாரம் சம்பளத்தோடு மகப்பேறு விடுப்பு. 2017-ல் வந்த மாற்றம் இது. 50 பேர் அல்லது அதற்கு மேல் வேலை செய்யும் நிறுவனம் குழந்தைகள் காப்பக வசதி தரணும். அம்மா ஒரு நாளில் 4 முறை அங்கே போய்க் குழந்தையைப் பார்க்கலாம். வழக்கமான இடைவேளையும் அந்த நான்கில் சேரும். இந்தச் சலுகைகளை வேலையில் சேரும்போதே பெண் ஊழியருக்கு எழுத்து மூலமாகத் தெரிவிக்க வேண்டியது நிறுவனத்தின் கடமை. பணி நியமனக் கடிதத்தோடு அந்தத் தகவல் வரவில்லை என்றால் எச்.ஆர். பிரிவுக்கு ஒரு மின்னஞ்சல் அனுப்பிக் கேளுங்கள். வாயால கேட்டா போதாது. பதில் எழுத்தில் இருந்தால்தான் பின்னால் உதவும். தமிழ்நாடு அரசுப் பணியில் இருக்கும் பெண்களுக்கு 2021 ஜூலை முதல் மகப்பேறு விடுப்பு 12 மாதம்.

வெளியூரில் வேலை கிடைத்தால் தங்குவதற்கு அரசின் தோழி விடுதிகள் இருக்கின்றன. இணையத்திலேயே அறை பதிவு செய்யலாம். கட்டுமானத் தளம், தொழிற்சாலை ஷிப்ட், கம்பெனி வேன் எல்லாமே சட்டத்தின் பார்வையில் பணியிடம்தான். அங்கே பாலியல் தொல்லை நடந்தால் 3 மாதத்துக்குள் நிறுவனத்தின் உள் புகார் குழுவிடம் எழுதிக் கொடுக்கலாம். 10 பேருக்குக் குறைவான இடம் என்றால் மாவட்ட அளவிலான குழுவிடம். என்ன செய்வதென்றே புரியவில்லை என்றால் 181 மகளிர் உதவி எண்ணுக்குக் கூப்பிடுங்கள்.

கிண்டியில் லலிதாவோடு படித்த திரேசியா அரசு வேலைக்குப் போனவர். கொச்சி சமஸ்தானப் பொதுப்பணித் துறையில் செக்‌ஷன் ஆபீசராகச் சேர்ந்து, 1971-ல் கேரளப் பொதுப்பணித் துறையின் தலைமைப் பொறியாளர் ஆனார். இந்தியாவில் அந்தப் பதவிக்கு வந்த முதல் பெண் அவர். ரப்பர் கலந்த தார்ச் சாலையைச் சோதித்துப் பார்த்தவரும் அவர்தான்.

அரசு வேலையை நினைப்பவர்களுக்கு இன்னொரு தகவல். தமிழ்நாடு அரசுப் பணிகளில் பெண்களுக்கென ஒதுக்கும் இடங்களில் 10 சதவீதம் ஆதரவற்ற விதவைகளுக்கானது. 18 வயது லலிதாவின் நிலையில் இன்றைக்கு உங்கள் வீட்டிலோ பக்கத்து வீட்டிலோ ஒரு பெண் இருந்தால், பாதியில் நின்ற டிப்ளமோவையோ டிகிரியையோ முடிக்கச் சொல்லுங்கள். பொறியியல் பணிகளுக்கான டி.என்.பி.எஸ்.சி. தேர்வு அறிவிப்பு வரும்போது வயது வரம்புச் சலுகைப் பகுதியைக் கவனமாகப் படிக்கச் சொல்லுங்கள். இதற்கு ஆதரவற்ற விதவை சான்றிதழ் வேண்டும். விண்ணப்பத்தை இ-சேவை மூலமே கொடுக்கலாம். விசாரணை முடிந்து வருவாய்க் கோட்டாட்சியர் நிலையில் சான்று தருவார்கள். கணவரின் இறப்புச் சான்று, குடும்ப அட்டை, ஆதார் இவற்றைத் தயாராக வைத்துக்கொள்ளுங்கள். விசாரணைக்கு நாள் பிடிக்கும் என்பதால், தேர்வு அறிவிப்பு வரும்வரை காத்திருக்காமல் இப்பவே விண்ணப்பிப்பது நல்லது.