உழவு இயந்திரத்தின் வலுத்தண்டும் அதனை ஆளும் கைபிடியும்

உழவு இயந்திரம் கலப்பையை இழுப்பதற்கு மாத்திரம் உரியதன்று. சூடடிக்கும் இயந்திரம், சேறு கலக்கும் சுழற்கலப்பை, நீர்ப்பம்பி, மருந்து தெளிகருவி ஆகியவற்றையும் அதன் எஞ்சினைக் கொண்டே இயக்கலாம். எஞ்சினின் வலுவை வெளியே கொண்டுவருவது, இயந்திரத்தின் பின்புறத்தில் நீட்டிக்கொண்டிருக்கும், பள்ளங்கள் வெட்டிய சிறு தண்டாகும். இதனைச் சாரதிகள் பீ.ரீ.ஓ. என்பர்; தமிழில் வலுத்தண்டு எனலாம்.

இத்தண்டு பெரும்பாலான இயந்திரங்களில் நிமிடத்துக்கு 540 முறை, அதாவது செக்கனுக்கு 9 முறை, சுழலுமாறு அமைக்கப்பட்டுளது. அதன் குறுக்களவு ஏறக்குறைய 35 மில்லிமீற்றர். உடுத்த சாரத்தின் தொங்கல் அதிற் பட்டால் ஒரு செக்கனில் ஒரு மீற்றர் துணி சுற்றப்பட்டுவிடும். கூக்குரலிடவும் அவகாசம் இராது. ஆகவே எந்தக் கைபிடி தண்டை நிறுத்தும், எது நிறுத்தாது என்பதைச் சாரதி மட்டுமன்றி, சூட்டுக்களத்தில் கதிர் ஊட்டுபவரும் அறிந்திருத்தல் வேண்டும்.

இவ்விடயத்தில் எல்லா இயந்திரங்களும் ஒரே விதமானவையல்ல. 1946ஆம் ஆண்டில் உற்பத்தி தொடங்கிய பேர்குசன் ரீ.ஈ.20 போன்ற பழைய வகைகளில் ஒரு கிளச்சே உண்டு. அதனை மிதித்தால் சில்லுக்கும் தண்டுக்கும் செல்லும் வலு ஒருங்கே துண்டிக்கப்படும். கியர் மாற்றும்போதெல்லாம் சுழற்கலப்பையும் ஓய்ந்துவிடும். அதனினும் பெரிய குறையொன்றுண்டு. பாரமான புல்வெட்டி போன்ற கருவிகள் வலு நின்ற பின்னரும் தம் வேகத்தாற் சுழன்று, கியர்ப்பெட்டி வழியாகச் சில்லுகளைத் தள்ளும். கிளச்சை மிதித்திருந்தும் இயந்திரம் முன்னேறி வரம்பில் ஏறுவது இதனாலேயே. தண்டில் ஒருவழிக் கிளச்சைப் பொருத்தினால் இது நிகழாது.

1957ஆம் ஆண்டில் வெளிவந்த மசி பேர்குசன் 35 இயந்திரத்தின் உயர்தர வகையில் இரட்டைக் கிளச்சு அமைந்தது. மிதிபடியைப் பாதி அமுக்கினாற் சில்லுகள் நிற்கும். முற்றாக அமுக்கினாலே தண்டுக்குச் செல்லும் வலு நிற்கும். ஏமாற்றம் நேர்வது இங்கேதான். இயந்திரம் நகராதிருப்பதைக் கண்டு, தண்டும் நின்றதென எண்ணி அருகிற் செல்வாருமுளர். தண்டுக்கென வேறாகக் கிளச்சு உள்ள இயந்திரங்களிலோ காலால் எதனை மிதித்தாலும் தண்டு நிற்காது. அதற்குரிய கைபிடியை அல்லது ஆளியை நிறுத்துதல் வேண்டும். இருசில்லு இயந்திரத்தின் எஞ்சிற் கப்பியில் நேரே வார் பூட்டியிருந்தால், எஞ்சினை நிறுத்தும்வரை வார் ஓடிக்கொண்டேயிருக்கும்.

தண்டைப் பூட்டும்போது எஞ்சின் மெதுவாக ஓடவேண்டும். கருவி சுழலத் தொடங்கிய பின்னரே வேகத்தைப் படிப்படியாகக் கூட்டி, மணிக்கூட்டு முகத்தில் 540 எனக் குறித்த இடத்துக்குக் கொண்டுவருதல் நன்று. எண்ணெயை மிச்சம்பிடிக்கக் குறைந்த வேகத்திற் சூடடித்தால் கதிரில் நெல் எஞ்சும், வைக்கோலும் அடைத்துக்கொள்ளும். அளவுக்கு மிஞ்சிய வேகத்தில் மணி உடையும்.

வைக்கோல் அடைத்துக்கொண்டால் கைபிடியை விலக்குவது மாத்திரம் போதாது. எஞ்சினை நிறுத்தித் திறப்பைக் கையில் எடுத்தபின், உருளை முற்றாக ஓயும்வரை காத்திருத்தல் வேண்டும். மழை இருண்டுவரும் வேளையிற் சூட்டைக் காப்பாற்ற முனைவோருக்கு இது கடினமே. எனினும் கை இழப்பதும் அத்தகைய வேளையிலேதான்.

சில கருவிகளின் இணைப்பில், சுமை மீறினால் முறியும்படி மெல்லிய ஆணியொன்று இடப்பட்டிருக்கும். அது முறிந்தால் கையிற் கிடைத்த உருக்காணியை இறுக்குவோர், அடுத்த முறை பற்சக்கரத்தையே முறிக்க நேரும். தண்டின்மேலுள்ள காப்புறையையும் கவனித்தல் அவசியம். எஞ்சின் நின்றிருக்கும்போது கையாற் சுழற்றினால் தண்டு அசையாது உறை மட்டும் சுழலவேண்டும். அது இறுகியிருந்தால் கழற்றிச் சேற்றை நீக்கிக் கிறீஸ் இட்டு, உறையைப் பிடித்துநிறுத்தும் சங்கிலிகளையும் மீண்டும் மாட்டிய பின்னரே களத்துக்குக் கொண்டுசெல்லலாம்.