வீரர் பெயர் தாங்கிய விசுக்கோத்து

வரலாற்று வகுப்பிலே ஒரு நாள், "கரிபால்டி யார்?" என்று வினவினேன். பின்வரிசை மாணவன் ஒருவன் எழுந்து, "அது ஒரு விசுக்கோத்து, ஐயா" என்றான். அவனுடைய மாமன் இலண்டனிலிருந்து கொண்டுவந்த பெட்டியில் அப்பெயரைக் கண்டிருந்தானாம். வகுப்பே நகைத்தது. ஆயினும் அவன் கூறியது பிழையன்று.

1860ஆம் ஆண்டில் ஏறத்தாழ ஆயிரம் தொண்டர்களுடன் சிசிலித் தீவில் இறங்கித் தென் இத்தாலியை வென்றவர் கரிபால்டி. மறு ஆண்டில் இலண்டனிலே பீக் பிரீன் நிறுவனத்தார் தாம் செய்த புதிய விசுக்கோத்துக்கு அவர் பெயரைச் சூட்டினர். உள்ளே நசுங்கித் தெரியும் முந்திரிகை வற்றலைக் கண்ட ஆங்கிலச் சிறுவர், அதனை 'நசுங்கிய ஈ விசுக்கோத்து' என்று கேலி செய்வதுண்டு.

அன்று மாலை இதனை வீட்டிற் கூறியபோது, "நாமும் சுட்டுப் பார்ப்போம்" என்றாள் மகள். முதல்முறை வற்றலை மேலே தூவிச் சுட்டோம். அது கருகிக் கசந்தது. பழத்திலுள்ள இனிப்பு நேரடி வெப்பத்தில் விரைவில் தீய்ந்துவிடும். அதனாலன்றோ இதில் வற்றலை மாவுக்குள் மறைத்து வைக்கின்றனர்!

செய்முறை இது: கோதுமை மா 4 அவுன்ஸ், பேக்கிங் பவுடர் 1 தேக்கரண்டி, உப்புச் சிறிது ஆகியவற்றை அரித்தெடுத்து, 1 அவுன்ஸ் வெண்ணெயை விரல்நுனியாற் பிசிறுக. 1 அவுன்ஸ் சீனியும் ஏறத்தாழ 2 மேசைக்கரண்டி பாலும் சேர்த்துக் குழைத்து, மெல்லிய தகடாக உருட்டுக. ஒரு பாதியில் 2 அவுன்ஸ் சிறு கரிய முந்திரிகை வற்றலை நறுக்கிப் பரப்பி, மறு பாதியை மடித்து மூடி, அங்குலத்தில் எட்டிலொரு பங்கு தடிப்பாக மீண்டும் உருட்டுக. நீள்சதுரமாக வெட்டி, முள்ளுக்கரண்டியாற் குத்தி, மேலே பால் பூசி, 200 பாகை சதமளவில் சூடேற்றிய போறணையில் பொன்னிறமாகும் வரை சுடுக. பதினைந்து நிமிடமளவில் பதம் வந்துவிடும். முட்டையை விலக்கும் வீட்டாருக்கும் இது ஏற்றது.

மறுநாள் வகுப்பில் அதனைப் பகிர்ந்தளித்தவாறே, கரிபால்டி தாம் வென்ற நாட்டை விக்டர் இம்மானுவேல் மன்னரிடம் ஒப்படைத்துவிட்டு, கப்ரேரா தீவிலிருந்த தம் பண்ணைக்குத் திரும்பியதைக் கூறினேன். அதே மாணவன் உண்பதை நிறுத்தி, "வென்றவர் ஏன் தாமே ஆளவில்லை, ஐயா?" என்று கேட்டான்.

அதற்கு விடை கூற அப்பாடவேளை முழுவதும் போதவில்லை.