உள்ளேன் ஐயா... ஜான்சன்!

அமெரிக்கக் காலேஜ் ஒண்ணுல புரொபசர் 'ஜான்சன்!'னு அட்டெண்டன்ஸ் கூப்பிட்டா, எந்த ஜான்சனைக் கூப்பிட்டோம்னு அவருக்கே டவுட் வந்துடும். 'ஸ்மித்'துக்கு அடுத்தபடியா அங்கே அதிகம் பேருக்கு இருக்கிற குடும்பப் பெயர் அதுதான். 2010 சென்சஸ்படி 19 லட்சம் பேருக்கு மேல்! 'ஜானோட மகன்'ங்கிறதுதான் அர்த்தம். சிம்பிள்!

இதுல சுமாரா மூணுல ஒருத்தர் கறுப்பினத்தவர். அடிமை முறை இருந்த தேசத்துல ஒரே பெயர் ரெண்டு பக்கமும் ஒட்டிக்கிச்சு. வாழ்க்கை மட்டும் வேற வேற.

'ராக்' டுவெயின் ஜான்சனையும், பாஸ்கெட்பால் மேஜிக் ஜான்சனையும் டி.வி. பார்க்கிற எல்லோருக்கும் தெரியும். ஸோ, நேரா வெள்ளை மாளிகை. அங்கே ரெண்டு ஜான்சன்கள் உட்கார்ந்திருக்காங்க. ரெண்டு பேருமே துணை ஜனாதிபதிகள். ஜனாதிபதி சுட்டுக் கொல்லப்பட்டதால பதவிக்கு வந்தவங்க. 1865-ல் லிங்கனுக்குப் பிறகு ஆண்ட்ரூ. 1963-ல் கென்னடிக்குப் பிறகு லிண்டன். கறுப்பர்களுக்குக் குடியுரிமை தரும் சட்டத்தை 1866-ல் ஆண்ட்ரூ 'வீட்டோ' பண்ணினார். காங்கிரஸ் அவரை மீறி நிறைவேத்துச்சு. 1964-ல் நிறப் பாகுபாட்டைத் தடை செய்யும் சட்டத்துல லிண்டன் கையெழுத்துப் போட்டார். நடுவுல 98 வருஷம்!

அந்த 98 வருஷத்துக்குள்ள பிறந்தவர் கேத்தரின். 1918, மேற்கு வர்ஜீனியா. அவர் ஊர்ல கறுப்பினக் குழந்தைகளுக்கு எட்டாம் வகுப்போட படிப்பு முடிஞ்சிடும். பொண்ணு படிக்கணுமேனு அப்பா குடும்பத்தையே வேற ஊருக்குக் கொண்டுபோனார். 18 வயசுல கேத்தரின் கையில டிகிரி! ('ஜான்சன்' அவருக்கு ரெண்டாவது கல்யாணத்துல வந்த பெயர்.) 1962-ல் ஜான் க்ளென் பூமியைச் சுற்றிவரக் கிளம்பினப்போ, பாதையை ஐ.பி.எம். கம்ப்யூட்டர் கணக்குப் போட்டுத் தந்துச்சு. க்ளென் நம்பலை. 'அந்தப் பொண்ணு செக் பண்ணட்டும்'னுட்டார். கேத்தரின் கையால போட்டுப் பார்த்து ஓகே சொன்ன பிறகுதான் ராக்கெட் ஏறினார். நாட்டின் உயரிய சிவில் விருது 2015-ல், 97 வயசுலதான் கிடைச்சுது. 2020-ல், 101 வயசுல காலமானார்.

கெல்லி ஜான்சனை விட்டா ஏரோ டிபார்ட்மென்ட் பசங்க அடிக்க வருவாங்க. ஸ்வீடன்லேர்ந்து வந்த குடும்பத்துப் பிள்ளை. 1943-ல் அவர் டீம் ஒரு ஜெட் போர் விமானத்தை 143 நாள்ல செஞ்சு முடிச்சுது. நமக்கு ஃபைனல் இயர் ப்ராஜெக்ட்டுக்கே ஒரு செமஸ்டர் பத்தலை!

ஆனா, என் ஹீரோ லோனி ஜான்சன்தான். அலபாமாக்காரர். ஸ்கூல் படிக்கும்போது காயலான் கடைச் சாமான்களை வெச்சு, அழுத்தப்பட்ட காற்றுல இயங்குற ரோபோ ஒண்ணு செஞ்சார். 1968-ல் அலபாமா பல்கலைக்கழகத்துல நடந்த அறிவியல் போட்டிக்கு எடுத்துட்டுப் போனார். அஞ்சு வருஷம் முன்னாடி, 1963-ல், கறுப்பின மாணவர்கள் உள்ளே வரக்கூடாதுனு மாநில கவர்னரே வாசல்ல நின்ன அதே பல்கலைக்கழகம்! போட்டியில இருந்த ஒரே கறுப்பின மாணவர் லோனி. முதல் பரிசும் அவருக்குத்தான்.

படிச்சு முடிச்சு விமானப்படை, நாசானு போனார். 1982-ல் ஒருநாள், ஃப்ரியானுக்குப் பதிலா தண்ணியில ஓடும் ஹீட் பம்ப் செய்ய, வீட்டு பாத்ரூம் குழாயில ஒரு நாசிலை மாட்டித் திறந்தார். சர்ர்ர்...னு தண்ணி அறையோட அந்தக் கோடிக்குப் பீய்ச்சி அடிச்சுது. 'இதையே துப்பாக்கியா செஞ்சா?' இங்கேயும் அழுத்தப்பட்ட காற்றுதான் வேலை செய்யுது. பம்ப் பண்ணப் பண்ண அழுத்தம் ஏறும், ட்ரிகரைத் தட்டினா தண்ணி பறக்கும். அது கடைக்கு வர எட்டு வருஷம் ஆச்சு. அதுதான் 'சூப்பர் சோக்கர்'. இதுவரை 100 கோடி டாலருக்கு மேல வித்திருக்கு.

ராயல்டியில பாக்கி வெச்ச பொம்மைக் கம்பெனியை லோனி சும்மா விடலை. 2013-ல் 7.29 கோடி டாலர் தரச் சொல்லித் தீர்ப்பு வந்துச்சு. தண்ணித் துப்பாக்கியில சம்பாதிச்சதை அவர் கொட்டினது அட்லாண்டாவுல இருக்கிற சொந்த லேப்ல. அங்கே பேட்டரி ஆராய்ச்சி, கூடவே வெப்பத்தை நேரடியா மின்சாரமா மாத்துற ஒரு மெஷின்!