ஏரியும் கழியும்: பழவேற்காட்டுக் கரைப்பறவை வாழிடம் குறித்த ஒரு விளக்கம்

முன்னுரை

திருவள்ளூர் மாவட்டத்தின் மேற்கே பொதட்டூர்பேட்டை, பள்ளிப்பட்டு வட்டாரத்தில் ‘ஏரி’ என்னும் சொல், கரை கட்டி மதகு வைத்துப் பாசனத்திற்காக நீர் தேக்கிய இடத்தைக் குறிக்கும். அம்மாவட்டத்தின் கிழக்கெல்லையிலுள்ள பழவேற்காட்டு நீர்ப்பரப்பும் ‘ஏரி’ என்றே வழங்கப்பெறுகிறது. பெயர் ஒன்றாயினும் இயல்பு வேறு. அவ்வேறுபாட்டையும் அதனை மறப்பதால் விளையும் தீங்கையும் கரைப்பறவைகளின் வாழ்வைக் கொண்டு விளக்குவது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

கழியின் இயல்பு

பழவேற்காடு, ஒடிசாவின் சிலிகாவை அடுத்து இந்தியாவின் இரண்டாவது பெரிய உவர்நீர்க் காயலாகும். இதன் பெரும்பகுதி ஆந்திரத்திலும் தென்பகுதி தமிழ்நாட்டிலும் அமைந்துள்ளன. ஸ்ரீஹரிகோட்டா மணல்திட்டு இதனைக் கடலிலிருந்து பிரிக்கிறது. ஆரணியாறும் காளங்கியாறும் நன்னீர் கொணர்கின்றன. முகத்துவாரத்தின் வழியே கடல்நீர் ஏறி இறங்குகிறது. சராசரி ஆழம் ஏறத்தாழ ஒரு மீட்டரே. இத்தகைய நிலத்தைச் சங்கப் புலவர்கள் ‘கழி’ என்றனர். ஐங்குறுநூற்றில் அம்மூவனார் பாடிய நெய்தற் பகுதியில் வெள்ளாங்குருகு, சிறுவெண்காக்கை ஆகிய பறவைகளின் பெயரால் இரு பத்துகள் அமைந்துள்ளமை, கழியும் புள்ளும் பிரிக்கவியலாதன என்னும் அவர்தம் அறிவைக் காட்டும்.

அலகும் ஆழமும்

மத்திய ஆசிய வலசைப் பாதையில் வரும் கரைப்பறவைகள் மழைக்காலத்திற்கு முன்னரே இங்கு வந்து, பங்குனி, சித்திரை அளவில் வடக்கே திரும்புகின்றன. பெரும்பாலானவற்றிற்கு நீந்தி இரைதேடும் வழக்கமில்லை. சேற்றிலும் கணுக்காலளவு நீரிலும் நடந்தே உண்ணும். குறுகிய அலகுடைய உப்புக்கொத்தி ஈரச்சேற்றின் மேற்பரப்பில் கண்ணால் கண்டு கொத்தும். நீண்ட நேரலகுடைய மூக்கன் சேற்றைத் துழாவும். கீழ்நோக்கி வளைந்த அலகுடைய கோட்டான் ஆழ்வளையிலுள்ள புழுவையும் நண்டையும் பற்றும். நெடுங்கால் உள்ளான் சற்றே ஆழ்ந்த நீரில் நிற்கும். இவ்வாறு ஒரே சேற்றுநிலம் ஆழவேறுபாட்டால் பல பந்திகளாகிறது. வடகிழக்குப் பருவமழையில் பெருகிய நீர் தை, மாசியில் வடியவடியப் புதிய சேறு வெளிப்படும். நெடும்பயணத்திற்கு வேண்டிய கொழுப்பைப் பறவைகள் அங்கேயே சேர்க்கின்றன.

பெயரால் விளையும் மயக்கம்

பாசன ஏரிக்கு நிறைவே பெருமை, வற்றல் குறை. கழிக்கோ வற்றலும் வளமே. ஏரிக்குரிய அளவுகோலால் கழியை நோக்குவோர்க்கு நீர் வடிந்த சேற்றுவெளி பயனற்ற தரிசாகத் தோன்றும். அதனை மேடாக்கலாம், ஆழப்படுத்தலாம் என்னும் எண்ணமும் எழும். மேடானால் இரையில்லை, எங்கும் ஆழமானால் நிற்க இடமில்லை. 2017ஆம் ஆண்டின் ஈரநில விதிகளும் பாசனத்திற்கென மனிதர் அமைத்த நீர்நிலைகளை ‘ஈரநிலம்’ என்னும் வரையறையினின்று விலக்குகின்றன. ஆகவே இப்பாகுபாடு சொல்லாராய்ச்சிக்கு மட்டும் உரியதன்று.

இதனால் கழியில் மனிதர் கைவைக்கவே கூடாது என்பது பொருளன்று. முகத்துவாரம் மணலால் தூர்ந்தால் கடல்நீர் வரத்து நின்று, உப்பின் அளவு மாறி, இறாலும் மீனும் குறையும்; ‘பாடு’ முறையில் மீன்பிடி இடங்களைப் பகிர்ந்து வாழும் மீனவர் வாழ்வு நலியும். முகத்துவாரத்தைத் திறந்து வைப்பது கழியின் ஏற்றவற்றத்தைக் காப்பது. சேற்றுவெளியைத் தோண்டுவது அதனை அழிப்பது. இவ்விரண்டையும் ‘ஏரி தூர்வாரல்’ என்னும் ஒரு சொல்லால் குறித்தல் பொருந்தாது.

முடிவுரை

தமிழ்நாட்டுப் பகுதி 1980இல் பறவைகள் காப்பிடமாக அறிவிக்கப்பெற்றது. காப்பிடத்தின் எல்லையைக் காப்பதோடு, அவ்வெல்லைக்குள் நீர் ஏறியிறங்கும் இயல்பையும் காத்தல் வேண்டும். ‘கழி’ என்னும் பழஞ்சொல்லைத் திட்ட ஆவணங்களிலும் பாடநூல்களிலும் மீட்டெடுத்தல், வற்றிய சேற்றையும் வளமாகக் காணும் பார்வைக்குத் துணைசெய்யும்.