பழைய தொலைக்காட்சியும் வயர்லெஸ் ஹெட்போனும்

ஒலியைக் கம்பி வழியாகப் பெறாமல் வானொலி அலைகளாகப் பெற்றுக் காதில் ஒலிக்கச் செய்யும் கருவி வயர்லெஸ் ஹெட்போன். இன்று கடைகளில் கிடைப்பவற்றில் பெரும்பாலானவை புளூடூத் முறையில் இயங்குகின்றன. கைப்பேசியுடன் இவை உடனே இணைந்துவிடும். பத்துப் பதினைந்து ஆண்டுகளுக்கு முன் வாங்கிய தொலைக்காட்சி, செட்டாப் பாக்ஸ், டேப் டெக், ஆம்ப்ளிஃபையர் போன்றவற்றில் பெரும்பாலும் புளூடூத் இருக்காது. அதற்காக அவற்றைப் பழைய இரும்புக்குப் போட வேண்டியதில்லை. பிளஸ் டூ படிக்கும் பிள்ளையும் காது சற்று மந்தமான தாத்தாவும் இருக்கும் சிறிய வீட்டில், ஒரு சிறு கருவி இருவருக்கும் நிம்மதி தரும்.

அக்கருவியின் பெயர் புளூடூத் டிரான்ஸ்மிட்டர். வாங்கும்போது பெயரைக் கவனிக்க வேண்டும். கார்களுக்கென்று மலிவாக விற்கப்படுபவற்றில் பல வெறும் ரிசீவர்கள். அவை ஒலியைப் பெறும், அனுப்பாது. இரண்டு வேலையும் செய்யும் கருவியில் டிஎக்ஸ், ஆர்எக்ஸ் என்று ஒரு சுவிட்ச் இருக்கும். நமக்கு வேண்டியது அனுப்பும் நிலையான டிஎக்ஸ்.

எந்தத் துளையில் செருகுவது?

பலரும் தடுமாறும் இடம் இதுதான். தொலைக்காட்சியின் பின்புறம் உள்ள சிவப்பு, வெள்ளைத் துளைகள் பெரும்பாலும் ஒலியை உள்ளே வாங்குபவை. அவற்றில் டிரான்ஸ்மிட்டரைச் செருகினால் எதுவும் கேட்காது. ‘அவுட்’ என்று எழுதியிருக்கிறதா என்று பாருங்கள். ஹெட்போன் துளை இருந்தால் அதையும் பயன்படுத்தலாம். ஆனால் பல தொலைக்காட்சிகளில் அதில் எதையாவது செருகியதும் ஸ்பீக்கர் அடங்கிவிடும். வீட்டில் மற்றவர்களும் பார்க்க வேண்டுமென்றால் ‘ஆடியோ அவுட்’ துளையே நல்லது.

தொலைக்காட்சியில் இரண்டுமே இல்லாவிட்டால் செட்டாப் பாக்ஸிலிருந்து ஒலியை எடுக்கலாம். அதில் சிவப்பு, வெள்ளைத் துளைகள் தனித்தனியாக இருந்தால் வேலை எளிது. ஒரே சிறிய ‘ஏவி’ துளை மட்டும் இருந்தால் சாதாரண ஆடியோ கேபிளை அதில் செருகக் கூடாது. அந்தத் துளையில் ஒலியோடு படச் சைகையும் வருவதால் காதில் ‘ர்ர்ர்’ என்ற இரைச்சல்தான் கேட்கும். பெட்டியுடன் வந்த மூன்று வண்ணக் கேபிளைச் செருகி, மஞ்சளை விட்டுவிட்டுச் சிவப்பையும் வெள்ளையையும் மட்டும் பயன்படுத்த வேண்டும்.

சற்றுப் புதிய தட்டைத் தொலைக்காட்சிகளில் ஆப்டிகல் துளை இருக்கும். ஒளியாகச் செல்வதால் இதில் மின் இரைச்சல் சேராது. ஒலி வரவில்லையென்றால் தொலைக்காட்சியின் ஒலி அமைப்பில் டால்பி என்றிருப்பதை ‘பிசிஎம்’ என்று மாற்றிப் பாருங்கள். பெரும்பாலான சிறிய டிரான்ஸ்மிட்டர்களுக்கு டால்பி புரியாது.

ஆம்ப்ளிஃபையர் வைத்திருப்போர் ‘டேப் அவுட்’ அல்லது ‘ரெக் அவுட்’ துளையிலிருந்து எடுக்கலாம். ஸ்பீக்கர் கம்பி முனைகளில் டிரான்ஸ்மிட்டரை இணைக்கவே கூடாது. அங்கு வரும் மின்னழுத்தம் கருவியைக் கெடுத்துவிடும்.

உதடு முன்னே, குரல் பின்னே

நடிகர் பேசி முடித்த பிறகு குரல் வருகிறதா? புளூடூத் ஒலியைச் சுருக்கி, அனுப்பி, மறுபடி விரித்துத் தருகிறது. இந்தச் சுருக்கும் முறைக்குக் கோடெக் என்று பெயர். எல்லாப் புளூடூத் ஹெட்போன்களிலும் கட்டாயமாக இருக்கும் எஸ்பிசி கோடெக்கில் தாமதம் பொதுவாக 150 முதல் 250 மில்லி விநாடி வரை. பாட்டுக் கேட்க இது பொருட்டே இல்லை. செய்தி வாசிப்பவரின் உதட்டைப் பார்த்தால் தெரிந்துவிடும். ‘ஆப்ட்எக்ஸ் லோ லேட்டன்சி’ என்ற கோடெக் இதை ஏறத்தாழ 40 மில்லி விநாடியாகக் குறைக்கிறது. டிரான்ஸ்மிட்டர், ஹெட்போன் இரண்டிலும் அது இருந்தால்தான் பயன். ஒன்றில் இல்லாவிட்டால் இரண்டும் எஸ்பிசிக்கே இறங்கிவிடும். கடைக்காரர் பெரும்பாலும் இதைச் சொல்லமாட்டார், அட்டைப் பெட்டியைப் படித்துத்தான் வாங்க வேண்டும். தொலைக்காட்சியில் உள்ள ஒலித் தாமத அமைப்பும் இங்கு உதவாது. அது ஒலியை இன்னும் பிந்த வைக்கும், முந்த வைக்காது.

ஒலித் தரத்தைப் பொறுத்தவரை எஸ்பிசியைக் குறைத்துப் பேசுவது எனக்கு உடன்பாடில்லை. அது நொடிக்கு 328 கிலோபிட் வரை அனுப்பக்கூடியது. தொடர்களுக்கும் செய்திகளுக்கும் அது தாராளம்.

இரைச்சலும் விட்டுவிட்டு வரும் ஒலியும்

ஹெட்போன் துளையிலிருந்து எடுக்கும்போது தொலைக்காட்சியின் ஒலி அளவை முக்கால் பங்கில் வைத்து, மீதியை ஹெட்போனில் கூட்டிக் குறைக்க வேண்டும். தொலைக்காட்சியில் மிகக் குறைத்து ஹெட்போனில் கூட்டினால் ‘ஸ்ஸ்’ என்ற சத்தமும் சேர்ந்து பெருகும். முழுதாகக் கூட்டினால் குரல் கிழியும்.

‘ஹம்’ என்று ஓயாத ஒலி இருந்தால் டிரான்ஸ்மிட்டருக்கு எங்கிருந்து மின்சாரம் தருகிறீர்கள் என்று பாருங்கள். தொலைக்காட்சியின் யுஎஸ்பியிலிருந்து தருவதே பல சமயம் காரணம். கைப்பேசி சார்ஜருக்கோ பவர் பேங்குக்கோ மாற்றினால் பெரும்பாலும் நின்றுவிடும்.

புளூடூத், பல வைஃபை ரவுட்டர்கள், மைக்ரோவேவ் அடுப்பு எல்லாம் 2.4 கிகாஹெர்ட்ஸ் பகுதியைத்தான் பயன்படுத்துகின்றன. ஆகவே ரவுட்டரை ஒட்டியோ தொலைக்காட்சியின் உலோக முதுகுக்குப் பின்னாலோ டிரான்ஸ்மிட்டரை வைக்காமல், கேபிளை நீட்டி முன்பக்கம் கொண்டுவாருங்கள். மனித உடலில் உள்ள நீரும் இந்த அலைகளை உறிஞ்சும். இடையில் ஆள் நடந்தால் ஒலி அறுபடுவது அதனால்தான்.

எவ்வளவு சத்தம்?

காது மந்தமானவர்கள் ஒலியைக் கூட்டிக்கொண்டே போவார்கள். பெரியவர்களுக்கு வாரம் 40 மணி நேரம் கேட்பதானால் 80 டெசிபல், குழந்தைகளுக்கு 75 டெசிபல் என்பது 2019இல் உலக சுகாதார அமைப்பு வகுத்த அளவு. வீட்டில் டெசிபல் மானி இராது. ஹெட்போன் அணிந்த தாத்தாவிடம் ஓரடி தள்ளி நின்று சாதாரணக் குரலில் பேசிப் பாருங்கள், கேட்கவில்லையென்றால் குறைக்கவேண்டும். குறைத்தால் வசனம் புரியவில்லை என்று அவர் சொன்னால், தொலைக்காட்சி அமைப்பில் பேஸைக் குறைத்து டிரெபிளைச் சற்றுக் கூட்டுங்கள். க, ச, த, ப போன்ற மெய்யொலிகள் துலங்கும்.