உங்களுக்குத் தெரியுமா? பழக் கலவைக்கு ஒரு சிட்டிகை காரம்

● மெரினாவில் மாங்காய்ப் பத்தையைக் கீறி உப்பும் மிளகாய்த்தூளும் தடவித் தருகிறார்களே, அதில் நல்ல வேதியியல் இருக்கிறது. உப்பு கசப்பை அடக்கும். கசப்பு அடங்கியதும் அதுவரை மறைந்திருந்த இனிப்பு தெளிவாகத் தெரியும். பிரெஸ்லின், போஷாம்ப் என்ற இரண்டு ஆய்வாளர்கள் 1997-ல் ‘நேச்சர்’ இதழில் இதை விளக்கினார்கள். பழம் சப்பென்று இருந்தால் சர்க்கரை டப்பாவைத் தேடாதீர்கள். முதலில் ஒரு சிட்டிகை உப்பு போட்டுப் பாருங்கள்.

● காரம் ஒரு சுவையே அல்ல. அது சூடு பட்ட உணர்வு. நம் நரம்பு நுனிகளில் சுமார் 43 டிகிரி செல்சியஸுக்கு மேற்பட்ட வெப்பத்தை உணர்ந்து எச்சரிக்கும் ஒரு புரதம் இருக்கிறது. மிளகாயில் உள்ள கேப்சைசின் அதையேதான் தூண்டிவிடுகிறது. உடனே மூளை, வாய் சுடுகிறது என்று முடிவு கட்டி வியர்வையை வரவழைக்கிறது. இந்தப் புரதத்தை 1997-ல் அடையாளம் கண்ட டேவிட் ஜூலியஸ், ஆர்டெம் பட்டபூட்டியனுடன் 2021-ஆம் ஆண்டின் மருத்துவ நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார்.

● புதினா செய்வது இதற்கு நேர் எதிர் வேலை. அதிலுள்ள மெந்தால், குளிரை உணரும் வேறொரு புரதத்தைத் தூண்டுகிறது. வாயின் வெப்பம் இறங்குவதில்லை, குளிர்ந்ததுபோல் தோன்றுகிறது. பழக் கலவையில் மிளகாயும் புதினாவும் சேர்ந்தால் ஒரே வாய்க்குள் சூடும் குளிர்ச்சியும் மாறி மாறி வருவது இதனால்தான். இவை இரண்டும் சேராத பழக் கலவையை என்னால் முழுமையானதாக நினைக்க முடிவதில்லை.

● பச்சை மிளகாயின் காரம் விதையில் இருப்பதாகப் பலரும் நினைக்கிறோம். உண்மையில் விதைகள் ஒட்டியிருக்கும் வெள்ளைச் சதையில்தான் கேப்சைசின் உருவாகிறது. குழந்தைகளுக்குப் பழக் கலவை செய்யும்போது அந்த வெள்ளைப் பகுதியைச் சுரண்டி எடுத்துவிட்டு, மிளகாயின் பச்சைத் தோலை மட்டும் பொடியாக நறுக்கிப் போடலாம். மணம் கிடைக்கும், எரிச்சல் வெகுவாகக் குறையும். கேப்சைசின் தண்ணீரில் கரையாது. காரம் ஏறிவிட்டால் பாலோ தயிரோ குடிப்பதுதான் பலன் தரும்.

● கிளிக்கு மிளகாய் காரமே தெரியாது. பறவைகளின் நரம்பில் உள்ள, சூட்டை உணரும் அதே வகைப் புரதம் கேப்சைசினுக்கு அசைந்து கொடுப்பதில்லை.

● தள்ளுவண்டியில் பப்பாளி, அன்னாசி, கொய்யா எல்லாம் அடுக்கி, மேலே மிளகாய்த்தூள் தூவித் தருகிறார்கள். இவை நான்குமே அமெரிக்கக் கண்டங்களிலிருந்து வந்தவை. கொலம்பஸ் 1493-ல் குவாதலூப் தீவில்தான் அன்னாசியைப் பார்த்தார். போர்த்துக்கீசியக் கப்பல்கள் 16-ஆம் நூற்றாண்டில் மிளகாயை நம் கரையில் இறக்கின. அதே வண்டியில் உள்ள தர்பூசணி ஆப்பிரிக்காவைச் சேர்ந்தது. ஆப்பிளின் மூதாதை கஜகஸ்தான் பக்கத்து மலைக்காடுகளில் இருக்கிறது. மாம்பழமும் மிளகும் இந்த மண்ணிலேயே பிறந்தவை. மிளகாய் வரும்முன் நம் சமையலுக்குக் காரம் தந்தவை மிளகு, திப்பிலி, இஞ்சி. பழத்தில் மிளகைத் தூவுகிறவர் புதுமை எதுவும் செய்யவில்லை, பழைய காரத்துக்குத்தான் திரும்புகிறார்.

● பப்பாளி விதையை மென்று பார்த்திருக்கிறீர்களா? மிளகும் கடுகும் கலந்ததுபோல் நாக்கைச் சுள்ளென்று பிடிக்கும். காய்ந்தால் பார்வைக்கும் மிளகுபோலவே இருக்கும். மிளகில் அதைக் கலப்படம் செய்கிறவர்கள் இருப்பதால், இந்திய உணவுப் பாதுகாப்பு ஆணையம் வீட்டிலேயே செய்யக்கூடிய ஒரு சோதனையைச் சொல்கிறது. ஒரு டம்ளர் தண்ணீரில் மிளகைப் போடுங்கள். நல்ல மிளகு அடியில் போய் உட்காரும், பப்பாளி விதை மிதக்கும்.

● அன்னாசி சாப்பிட்டால் நாக்கு அரிப்பது ஏன்? அதில் புரோமிலின் என்ற நொதி இருக்கிறது. புரதத்தைச் சிதைப்பது அதன் வேலை. நாம் பழத்தைத் தின்னும் நேரத்தில் அது நம் நாக்கின் மேற்படலத்தை அரிக்கிறது. ஊசிபோன்ற ஆக்சலேட் படிகங்களும் கூடவே குத்துகின்றன. இதே நொதி பாலில் உள்ள புரதத்தையும் உடைப்பதால், பச்சை அன்னாசியைத் தயிரிலோ பாலிலோ போட்டு வைத்தால் கொஞ்ச நேரத்தில் கசந்துவிடும். சூடுபட்டால் நொதி செயலிழக்கும். பால் சேரும் கலவை என்றால் அன்னாசித் துண்டுகளைச் சர்க்கரையோடு ஒரு கொதி விட்டு, ஆறவைத்துச் சேருங்கள். எலுமிச்சையும் மிளகும் மட்டும் சேரும் கலவைக்கு இந்த வேலையே வேண்டாம்.

● கல்யாணப் பந்தியில் ஐஸ்கிரீமோடு வரும் மஞ்சள் நிறப் பழக் கலவைக்கு ஆதாரம் கஸ்டர்டு பவுடர். முட்டை ஒத்துக்கொள்ளாத மனைவிக்காக, பர்மிங்காமைச் சேர்ந்த ஆல்ஃபிரட் பேர்ட் 1837-ல் சோளமாவைக் கொண்டு முட்டையில்லாத கஸ்டர்டைச் செய்தார். அதன் வழிவந்ததுதான் நம் அலமாரியில் இருக்கும் டப்பா. பந்திக்கு அது பொருந்தும். ஆனால் நல்ல பழம் கையில் இருக்கும்போது அதன் மேல் கஸ்டர்டை ஊற்றி மூடுவது பழத்துக்குச் செய்யும் அநியாயம் என்றே சொல்வேன்.

● வெட்டிய ஆப்பிள் கறுக்கக் காரணம், அறுபட்ட செல்களிலிருந்து வெளிவரும் ஒரு நொதி காற்றிலுள்ள ஆக்சிஜனோடு சேர்வது. எலுமிச்சைச் சாற்றின் புளிப்பு அந்த நொதியை மட்டுப்படுத்தும், அதிலுள்ள வைட்டமின் சி நிறமாற்றத்தைத் தள்ளிப்போடும். எல்லாவற்றையும் நறுக்கி முடித்த பிறகு பிழிவதில் பயன் குறைவு. ஆப்பிளையும் வாழைப்பழத்தையும் வெட்டிய கையோடு பிழிய வேண்டும்.

● உப்புக்கோ முறை தலைகீழ். அது கடைசியில்தான் வர வேண்டும். உப்பும் சர்க்கரையும் பழத்துண்டுக்குள் இருக்கும் நீரை வெளியே இழுத்துவிடும். அரை மணி நேரம் முன்பே கலந்து வைத்தால் பப்பாளி குழையும், தர்பூசணி சுருங்கும், கிண்ணம் நிறையத் தண்ணீர் நிற்கும். பழங்களை நறுக்கிக் குளிர வைத்துக்கொண்டு, பரிமாறும் நேரத்தில் உப்பும் பொடியும் தூவிப் புரட்டுங்கள். பழக் கலவை கெட்டுப்போவதற்கு என் கணக்கில் முதல் காரணம் இந்த அவசரம்தான்.

● கறுப்பு உப்பு பாக்கெட்டைத் திறந்ததும் அவித்த முட்டை வாசம் வருகிறதே, அது கந்தகச் சேர்மங்களின் வாசம். பழைய முறையில் பாறை உப்போடு கடுக்காய், நெல்லிக்காய் போன்றவற்றையும் கரியையும் சேர்த்து உலையில் சுட்டு இதைச் செய்வார்கள். முட்டை சாப்பிடாத வீகன் சமையல்காரர்கள் அந்த வாசத்துக்காகவே இதை வாங்குகிறார்கள். சாட் மசாலாவின் தனி மணத்துக்கு இதுவும் சீரகமும் காய்ந்த மாங்காய்ப் பொடியும்தான் காரணம். ரமலான் மாதத்தில் வட இந்தியாவிலும் பாகிஸ்தானிலும் நோன்பு திறக்கும் நேரத்தில் வைக்கும் பழச் சாட் இந்த மசாலாவில்தான் புரள்கிறது.

● பழமும் காரமும் சேர்வது நம் பழக்கம் மட்டுமல்ல. மெக்சிகோவில் மாம்பழத்தின் மேலும் வெள்ளரியின் மேலும் எலுமிச்சை பிழிந்து மிளகாய்ப்பொடி தூவுவார்கள். மிளகாய், எலுமிச்சை, உப்பு மூன்றும் கலந்த ‘தஹீன்’ என்ற தூள் 1985 முதல் அங்கே விற்பனையில் இருக்கிறது. இலங்கையில் அச்சாறு வண்டிக்காரர் அம்பரெல்லா, மாங்காய், அன்னாசியை மிளகாய்த்தூள், உப்பு, சீனி, வினாகிரியில் பிசறித் தருவார். கோழிக்கோடு கடற்கரையில் கண்ணாடி ஜாடிகளில் அன்னாசியும் நெல்லிக்காயும் மாங்காயும் உப்புநீரில் ஊறுகின்றன. இந்தோனேசியாவின் ருஜாக்கில் பனைவெல்லம், புளி, மிளகாய் அரைத்த விழுது. ஜாவாவில் கர்ப்பிணிக்கு ஏழாம் மாதம் செய்யும் சடங்கில் ருஜாக் இருந்தே ஆக வேண்டும். அன்றைய ருஜாக் இனித்தால் பெண், காரமாக இருந்தால் ஆண் என்பது அங்கே ஒரு நம்பிக்கை. ஏழாம் மாதம் வளைகாப்பு வைக்கும் நம் வீடுகளுக்கு இது வெகு தூரத்துச் சேதியாகத் தோன்றாது.

● பழனிப் பஞ்சாமிர்தமும் மசாலா சேர்ந்த பழக் கலவைதான். வாழைப்பழம், பேரீச்சை, நாட்டுச்சர்க்கரை, கற்கண்டு, தேன், நெய் ஆகியவற்றோடு ஏலக்காய் சேர்கிறது. ஒரு சொட்டுத் தண்ணீர் விடுவதில்லை. பழத்திலிருக்கும் நீரையும் இனிப்பு தன்னோடு பிணைத்துக்கொள்வதால் கிருமி வளர இடமில்லாமல் போகிறது. 2019-ல் இதற்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. தமிழ்நாட்டில் இந்தக் குறியீட்டைப் பெற்ற முதல் கோயில் பிரசாதம் இதுதான்.

● 100 கிராம் கொய்யாவில் சுமார் 228 மில்லிகிராம் வைட்டமின் சி இருக்கிறது. ஆரஞ்சில் சுமார் 53. விலையைப் பார்த்துக் கொய்யாவை எளிதாக எண்ணிவிடக் கூடாது.

● நான்கு பேருக்கு ஒரு கணக்கு. பப்பாளித் துண்டுகள் இரண்டு கப், தர்பூசணி ஒரு கப், அன்னாசி ஒரு கப், செங்காயாக ஒரு கொய்யா, ஒரு கைப்பிடி மாதுளை முத்து. ஒரு எலுமிச்சைச் சாறு, ஒரு ஸ்பூன் தேன், புதினா பத்து இலை. தூவுவதற்கு வறுத்துப் பொடித்த சீரகம் கால் ஸ்பூன், அப்போதே இடித்த மிளகு கால் ஸ்பூன், மிளகாய்த்தூள் ஒரு சிட்டிகை, உப்பு ஒரு சிட்டிகை. மிளகை முன்பே பொடித்து வைத்தால் மணம் பறந்து வெறும் காரம்தான் மிஞ்சும். சீரகத்தை நிறம் மாறும்வரை வறுங்கள், கருகினால் கசக்கும். வெங்காயம் நறுக்கிய பலகையும் கத்தியும் பழத்துக்கு ஆகாது. ஃப்ரீசரில் வைக்க வேண்டாம், உறைகிற குளிரில் பழத்தின் வாசம் மேலே எழாது.

● நட்சத்திரப் பழம் அழகாக இருக்கிறதென்று எல்லோருடைய கிண்ணத்திலும் போட்டுவிடாதீர்கள். சிறுநீரக நோய் உள்ளவர்களுக்கு அது ஆபத்து. அதிலுள்ள காரம்பாக்சின் என்ற நரம்பு நஞ்சை அவர்களது சிறுநீரகத்தால் வெளியேற்ற முடியாது. விடாத விக்கல் தொடங்கி வலிப்புவரை போகலாம். பிரேசில் ஆய்வாளர்கள் 2013-ல் இந்த நஞ்சை அடையாளம் கண்டார்கள்.

● தர்பூசணியைத் தோலோடு கழுவிவிட்டுத்தான் வெட்ட வேண்டும். தோலில் ஒட்டிய கிருமியைக் கத்தி உள்ளே கொண்டுபோய்விடும். நறுக்கிய பழம் வெளியே இருக்கக்கூடியது இரண்டு மணி நேரம்தான். வெயில் 32 டிகிரியைத் தாண்டும் நாளில் ஒரு மணி நேரம். நம் ஊர்ச் சித்திரை, வைகாசிக்கு இந்த இரண்டாவது கணக்கே பொருந்தும்.

● கிண்ணத்தின் அடியில் தேங்கும் சாற்றைக் கொட்டிவிடாதீர்கள். பழச்சாறு, எலுமிச்சை, சீரகம், மிளகு எல்லாம் அதில் இறங்கியிருக்கும். வடிகட்டி, குளிர்ந்த சோடா ஊற்றினால் இரண்டு டம்ளர் பானம் தயார்.