ஆழ்கடலில் தங்கியிருக்கும் கடமை

சென்னைக்கு வடக்கே, எண்ணூரைக் கடந்து சென்றால் வருகின்ற காட்டுப்பள்ளியில், லார்சன் அண்டு டூப்ரோ நிறுவனத்தாரின் கப்பல் கட்டும் தளத்தில் உருவாகி, 2018-ஆம் ஆண்டு ஏப்ரல் தொடங்கி 2021-ஆம் ஆண்டு ஆகஸ்ட் வரையில் ஏழு ரோந்துக் கப்பல்கள் இந்தியக் கடலோரக் காவல்படையில் ஒன்றன்பின் ஒன்றாகச் சேர்ந்தன. விக்ரம், விஜயா, வீரா, வராஹா, வரத், வஜ்ரா, விக்ரஹா என்பன அவற்றின் பெயர்கள். 2015 மார்ச்சில் 1,432 கோடி ரூபாய்க்குக் கையெழுத்தான ஒப்பந்தத்தின் பலன் இவை. இத்தனை பெரிய ரோந்துக் கப்பல்களை இப்படைக்காகத் தனியார் தளம் ஒன்று வரைபடம் முதல் வெள்ளோட்டம் வரை தானே பொறுப்பேற்று முடித்துக் கொடுத்தது அதுவே முதல் தடவையாகும்.

இப்பெயர்கள் யாவும் படைக்குப் பழையவை. 1978-ஆம் ஆண்டுச் சட்டத்தின் மூலம் கடலோரக் காவல்படை முறைப்படி ஸ்தாபிக்கப்பட்ட பின், 1983-இல் தொடங்கி ஒன்பது ரோந்துக் கப்பல்கள் பம்பாய் மசகான் தளத்திலும் கோவாவிலும் கட்டப்பட்டுப் படையில் சேர்ந்தன. அவற்றுள் ஏழின் பெயர்களைத்தான் காட்டுப்பள்ளிக் கப்பல்கள் சுவீகரித்துக்கொண்டன. எஞ்சிய இரண்டில் விவேக் ஒன்று. மற்றொன்றான வருணா 2017-இல் இலங்கைக்கு அளிக்கப்பட்டு, அந்நாட்டுக் கடலோரக் காவல் திணைக்களத்தில் சுரக்ஷா என்ற பெயருடன் சேர்ந்தது. பழைய விக்ரம் 74 மீட்டர் நீளம். புதிய விக்ரம் 98 மீட்டர். சுமார் 2,100 டன் எடை, 9,100 கிலோவாட் ஆற்றலுள்ள இரண்டு டீசல் இயந்திரங்கள், மணிக்கு 26 கடல் மைல் வேகம், எரிபொருள் மீண்டும் நிரப்பாமலே 5,000 கடல் மைல் செல்லும் திறன் ஆகியவை புதியதன் லட்சணங்கள்.

இவற்றில் வேகத்தைக் கேட்டு வியப்பவர்களே அதிகம். ஆனால் என் எண்ணத்தில் இக்கப்பலின் விசேஷம் அந்த 5,000 மைலில்தான் இருக்கிறது. நமது தனிப் பொருளாதார மண்டலம் கரையிலிருந்து 200 கடல் மைல், அதாவது சுமார் 370 கிலோமீட்டர் வரை விரிந்து கிடக்கிறது. துறைமுகத்தில் நங்கூரமிட்டு நிற்கும் கப்பல், செய்தி கிடைத்த அந்தக் கணமே புறப்பட்டு முழு வேகத்தில் ஓடினாலும், அதன் விளிம்பை எட்டுவதற்கு ஏறக்குறைய எட்டு மணி நேரம் பிடிக்கும். கவிழ்ந்த படகின் பலகையைப் பற்றிக்கொண்டு கொந்தளிக்கும் நீரில் கிடப்பவனுக்கு எட்டு மணி நேரம் என்பது எத்தகைய காலம் என்பதை, 2017 நவம்பர் இறுதியில் வீசிய ஒக்கிப் புயலில் தந்தையரையும் பிள்ளைகளையும் பறிகொடுத்த குமரி மாவட்டக் கடற்கரைக் கிராமத்தாரிடம் யாரும் விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. தூத்தூர் வட்டார மீனவர்கள் வாரக்கணக்கில் ஆழ்கடலில் தங்கித் தொழில் செய்பவர்கள். அவர்களுக்குக் காவலாக இருக்க வேண்டிய கப்பலும் அவ்வாறே கடலில் தங்கியிருக்கக் கூடியதாய் இருந்தாலன்றி, அந்தக் காவலுக்குப் பொருளில்லை.

கப்பலில் இரட்டை எஞ்சின் ஹெலிகாப்டர் ஒன்றுக்கும் விரைவுப் படகுகள் நான்கிற்கும் இடம் உண்டு. முன்தளத்தில் பீரங்கியும், உள்ளிருந்தே இயக்கக்கூடிய 12.7 மில்லிமீட்டர் துப்பாக்கிகள் இரண்டும் உள்ளன. கள்ளக் கடத்தல்காரனை நிறுத்துவதற்கு அவை வேண்டியவையே. எனினும் அன்றாட வேலையைச் செய்வது அந்தச் சிறு படகுகள். சந்தேகத்துக்குரிய கப்பலைச் சோதிக்கவோ, தத்தளிப்பவரை ஏற்றவோ படகு இறக்க நேர்ந்தால், தலைவர் கப்பலைக் காற்றுக்குக் குறுக்காகத் திருப்பி, அதன் உடலையே அலைக்கு மறைப்பாக நிறுத்துகிறார். காற்றடிக்காத அந்தப் பக்கத்தில் நீர் சற்றே அடங்கியிருக்கும் சொற்ப அவகாசத்தில், ஆட்கள் அமர்ந்தபடியே படகு மெல்லக் கீழே இறங்குகிறது. அலையின் முகட்டில் அது தொடும் தருணம் பார்த்துக் கொக்கியைக் கழற்ற வேண்டும். ஒரு விநாடி பிந்தினால் அலை தாழ்ந்து படகு மீண்டும் அந்தரத்தில் தொங்கும். கப்பல் எத்தனை நவீனமானாலும், அந்தக் கொக்கியில் கை வைத்திருக்கும் மாலுமியின் சாமர்த்தியத்தை நம்பித்தான் மற்ற யாவும் நிற்கின்றன.

2021 மார்ச்சில் சென்னையில் படையில் சேர்க்கப்பட்ட வஜ்ரா, இரண்டே மாதங்களில் கடும் சோதனையைச் சந்தித்தது. மே 20-ஆம் தேதி கொழும்புத் துறைமுகத்துக்கு வெளியே எக்ஸ்பிரஸ் பேர்ல் என்ற சரக்குக் கப்பலில் தீப்பற்றியது. நைட்ரிக் அமிலம் முதலிய ரசாயனங்களும் பிளாஸ்டிக் மணிகளும் அடங்கிய கொள்கலன்கள் அதிலிருந்தன. இலங்கையின் வேண்டுகோளின்பேரில் வைபவ் என்ற கப்பலுடன் வஜ்ராவும் அங்கே விரைந்து, பருவக் காற்றின் கொந்தளிப்புக்கிடையே நீரைப் பீய்ச்சி நெருப்போடு போராடியது. இத்தகைய தீயில் வெந்து தகிக்கும் இரும்புச் சுவர்களை வெளியிலிருந்து இடைவிடாமல் குளிர்விப்பதே முதற்பணி. அதைச் செய்ய வேண்டுமானால் புகைக்கும் நச்சு ஆவிக்கும் அருகிலேயே கப்பலை நிலைநிறுத்த வேண்டும். தீ அடங்கியும் அந்தச் சரக்குக் கப்பல் பிழைக்கவில்லை. ஜூன் தொடக்கத்தில் மூழ்கத் தொடங்கிற்று. நீர்கொழும்புக் கரையில் வெண்மணிகளாக ஒதுங்கிய பிளாஸ்டிக்கினால் அவ்வூர் மீனவர் பட்ட துயரம் பெரிது. ஆயினும், அந்நியக் கரையின் அபாயத்துக்கு ஓடிச் சென்று தோள் கொடுத்த அந்த மாலுமிகளின் பிரயத்தனத்தை நான் மிகுந்த மதிப்போடு எண்ணுகிறேன்.

கரையோரத்தில் சிறு படகுகளில் ரோந்து வரும் தமிழகக் காவல்துறையின் கடலோரப் பாதுகாப்புக் குழுமத்தையும் இப்படையையும் நம்மில் பலர் ஒன்றாகக் கருதிவிடுகிறோம். அவர்கள் பணியும் உயர்ந்ததே. ஆனால் நூற்றுக்கு மேற்பட்டோர் வீட்டை மறந்து, கரை கண்ணில் படாமல், இரவும் பகலும் முறைவைத்து விழித்திருக்கும் இந்தக் கப்பல்களின் வாழ்க்கை வேறு வகையைச் சேர்ந்தது.

2023 டிசம்பரில் மேலும் ஆறு கப்பல்களுக்கு மசகான் தளத்துடன் அரசு ஒப்பந்தம் செய்தது. அவற்றில் நான்கு, வயது முதிர்ந்த கப்பல்களுக்குப் பதிலாக வருபவை. எண்ணிக்கையைக் கூட்டுபவை இரண்டுதான். 20 லட்சம் சதுர கிலோமீட்டருக்கு மேற்பட்ட நீர்ப்பரப்பைக் காக்க வேண்டிய நாட்டுக்கு இது போதாது என்றே எனக்குத் தோன்றுகிறது. ஏழு கப்பல்களை ஆறரை ஆண்டுகளில் முடித்துக் காட்டிய காட்டுப்பள்ளித் தளத்துக்கு இன்னும் அதிக வேலை கொடுக்கலாம்.